எறும்பு ஏன் இரங்கவில்லை?

திருக்கேதீஸ்வரத்துக்குத் திரும்பும் வீதிக்கு அருகில் எங்கள் வீடு. என் தம்பிக்குக் காது கேட்காது. இரவில் உம்மா கதை சொல்லும்போது அவன் எங்கள் முகங்களையே மாறி மாறிப் பார்ப்பான். நாங்கள் சிரித்த பிறகுதான் சிரிப்பான். கடந்த விடுமுறையில் கைத்தொலைபேசியில் ஒரு பழைய பேசாப் படம் பார்த்தோம். அன்று எங்களுக்கு முன்பே அவன் சிரித்தான்.

அது வெட்டுக்கிளியும் எறும்பும் கதை. 1910களின் முற்பகுதியில் ரஷ்யாவில் லாடிஸ்லாஸ் ஸ்டாரெவிச் எடுத்தது. இடையில் வரும் எழுத்துக்கள் ரஷ்ய மொழியில் இருந்ததால் எங்களுக்கும் விளங்கவில்லை. நாங்கள் எல்லோரும் கண்ணால் மட்டுமே கதை கேட்டோம்.

ஸ்டாரெவிச் பூச்சிகளில் ஆர்வமுள்ளவர். வண்டுகளின் சண்டையைப் படமாக்க முயன்றபோது விளக்கின் சூட்டில் அவை அசையாமல் கிடந்தன. ஆகவே இறந்த பூச்சிகளுக்குக் கம்பிக் கால்களை மெழுகால் ஒட்டினார். அவற்றைச் சிறிது சிறிதாக நகர்த்தி, ஒவ்வோர் அசைவையும் தனிப் படமாக எடுத்தார். செக்கனுக்கு 16 படங்கள் என்று கொண்டாலும் ஒரு நிமிடத்துக்கு 960 படங்கள் வேண்டும்! இந்தியாவில் தாதாசாகிப் பால்கேயும் 1915இல் தீக்குச்சிகளை இப்படி அசைத்து ஒரு குறும்படம் செய்தார்.

பேசாப் படக்காரர்களுக்கு நீதிக்கதை ஏன் பிடித்தது? நரி என்றால் தந்திரம், எறும்பு என்றால் உழைப்பு என்று பார்ப்பவருக்கு முன்பே தெரியும். வசனம் தேவைப்படவில்லை. அமெரிக்காவில் போல் டெரி 1921 முதல் ஈசோப்பின் பெயரில் வாரம் ஒரு கேலிச்சித்திரப் படம் வெளியிட்டார். முடிவில் ஒரு நீதி வாசகம் தோன்றும். பல படங்களில் அதற்கும் கதைக்கும் தொடர்பே இராது, அதுதான் வேடிக்கை.

ஸ்டாரெவிச்சின் படத்தில் குளிர்காலம் வருகிறது. உதவி கேட்டு வந்த வெட்டுக்கிளிக்கு எறும்பு இரங்கவில்லை. வெட்டுக்கிளி பனியில் விழுகிறது. தம்பியின் சிரிப்பு நின்றது. "எறும்பு ஏன் ஒன்றும் கொடுக்கவில்லை?" என்று சைகையால் கேட்டான்.

இந்தக் கதையைப் பலமுறை கேட்ட எனக்கு அப்படிக் கேட்கத் தோன்றியதில்லை. கதை சொல்பவர் "சோம்பேறிக்கு இதுதான் கதி" என்று தீர்ப்பையும் சேர்த்தே சொல்லிவிடுவார். தம்பிக்கு அந்தத் தீர்ப்பு கேட்கவில்லை. பசியென்று வாசலுக்கு வந்த எவரையும் உம்மா வெறுங்கையோடு அனுப்பாததை மட்டும் அவன் கண்டிருக்கிறான்.

பெற்றோரே, பிள்ளைகளோடு இத்தகைய படங்களைப் பார்த்தால் நீதியை உடனே சொல்லிவிடாதீர்கள். முதலில் அவர்கள் கேட்கட்டும்.

இப்போது நானும் தம்பியும் ஒரு 80 பக்கக் கொப்பியின் மூலைகளில் படம் வரைகிறோம். 40 தாள்கள், வேகமாகப் புரட்டினால் இரண்டரைச் செக்கன். அதற்குள் எறும்பின் வீட்டுக் கதவு திறந்துவிடும்.