படிப்பு கடைச் சரக்கா? கல்லூரி வாசலில் நாம் கேட்க வேண்டிய கேள்விகள்



ப்ளஸ் டூ ரிசல்ட் வரும் மாதங்களில் நம் குழுக்களின் தீர்மான நோட்டைப் புரட்டிப் பாருங்கள். உள்கடன் எதற்கு என்ற இடத்தில் 'காலேஜ் ஃபீஸ்' என்று திரும்பத் திரும்ப எழுதியிருக்கும். பிள்ளைகள் படிப்பது நமக்குப் பெருமைதான். ஆனால் அந்தப் படிப்பின் செலவு முழுவதும் எப்படி நம் தலையில் வந்து விழுந்தது? யோசித்திருக்கிறோமா? அதைத்தான் இந்த இதழில் பேசப் போகிறோம்.

மில் போனது, பட்டம் வந்தது

நம் பக்கத்தில் பெரம்பூரில் பின்னி மில் ஓடிய காலம் பெரியவர்களுக்கு நினைவிருக்கும். எட்டாவது படித்தவருக்கும் அங்கே நிலையான சம்பளம் இருந்தது. 1996-ல் மில் மூடப்பட்டது. அதற்குப் பிறகு வியாசர்பாடியில் நிலையான வேலை என்றால் பட்டம் வேண்டும், டிப்ளமோ வேண்டும் என்று ஆகிவிட்டது. படிப்பு கட்டாயமாக வேண்டும் என்ற அதே காலத்தில்தான் படிப்புக்கு விலைச் சீட்டும் ஒட்டப்பட்டது.

விலை எப்படி வந்தது?

1984-ல் எம்.ஜி.ஆர். ஆட்சியில் தனியார் சுயநிதிப் பொறியியல் கல்லூரிகளுக்கு அனுமதி கிடைத்தது. சுயநிதி என்றால் அரசு பணம் தராது, மாணவர் கட்டும் பணத்தில்தான் கல்லூரி நடக்கும். பிறகு இப்படிப்பட்ட கல்லூரிகள் தமிழ்நாட்டில் 500-ஐத் தாண்டின. இதனால் இடங்கள் பெருகின, முதல் முறையாகப் பல குடும்பங்களில் இன்ஜினியர் வந்தார்கள். அதை மறுக்க முடியாது. ஆனால் செலவு அரசிடமிருந்து குடும்பத்துக்கு மாறியது.

1993-ல் உன்னிகிருஷ்ணன் வழக்கில் உச்ச நீதிமன்றம், தனியார் தொழிற்கல்விக் கல்லூரிகளில் பாதி இடங்களை மதிப்பெண்படி அரசுக் கட்டணத்தில் தர வேண்டும் என்று ஏற்பாடு செய்தது. 2002-ல் டி.எம்.ஏ. பை வழக்கில் 11 நீதிபதிகள் அமர்வு அந்த ஏற்பாட்டை நீக்கியது. தனியார் கல்லூரி தன் கட்டணத்தைத் தானே முடிவு செய்யலாம், நியாயமான உபரி வைக்கலாம், ஆனால் கொள்ளை லாபமும் நன்கொடையும் கூடாது என்றது. அதன் பிறகுதான் ஓய்வு பெற்ற நீதிபதி தலைமையில் கட்டண நிர்ணயக் குழுக்கள் வந்தன.

இடையில் மத்திய அரசின் எண்ணமும் மாறியது. 1997-ல் நிதி அமைச்சகம் வெளியிட்ட மானியங்கள் பற்றிய அறிக்கை, ஆரம்பக் கல்வி சமுதாயத்துக்கு அவசியம், உயர்கல்விக்கு அவ்வளவு மானியம் தேவையில்லை என்ற வகையில் பிரித்தது. 2000-ல் முகேஷ் அம்பானி, குமார் மங்கலம் பிர்லா என்ற இரண்டு தொழிலதிபர்கள் பிரதமரின் குழுவுக்குத் தந்த அறிக்கை, உயர்கல்வியில் பயன் பெறுபவரே பணம் கட்டட்டும், முடியாதவருக்குக் கடன் கொடுக்கலாம் என்றது. 2001-ல் வங்கிகளின் கல்விக் கடன் திட்டம் வந்தது.

இதைத்தான் சந்தைச் சிந்தனை என்கிறோம். கல்லூரி கடை, படிப்பு சரக்கு, மாணவி வாடிக்கையாளர். காசு இருந்தால் வாங்கு, இல்லாவிட்டால் கடனில் வாங்கு.

கடன் பற்றி நமக்குத் தெரியாதா?

கடன் கணக்கு நமக்குப் புதிதல்ல. ஒரு உறுப்பினர் இட்லிக் கடைக்குக் கடன் கேட்டால், "எதிலிருந்து திருப்பிக் கட்டுவீங்க?" என்று கேட்கிறோம். அடுத்த வாரமே வருமானம் வரும் என்கிறார், கொடுக்கிறோம். படிப்பு அப்படி இல்லை. நான்கு வருடம் கழித்துத்தான் வேலை. வேலை கிடைக்குமா என்பதும் அந்தப் பெண்ணின் கையில் மட்டும் இல்லை. நாட்டில் தொழில் எப்படி இருக்கிறது என்பதைப் பொறுத்தது. அந்த நஷ்ட பயம் முழுவதையும் 18 வயதுப் பெண்ணும் அவள் அம்மாவும் சுமக்க வேண்டியிருக்கிறது.

ஒரு கணக்குப் போடுவோம். நூற்றுக்கு இரண்டு ரூபாய் வட்டியில் 50,000 ரூபாய் வாங்கினால் முதல் மாத வட்டி மட்டும் 1,000 ரூபாய். 6-ம் வகுப்பு முதல் 12 வரை அரசுப் பள்ளியில் படித்த பெண்களுக்கு, 2022-ல் தொடங்கிய புதுமைப் பெண் திட்டத்தில் மாதம் கிடைப்பதும் அதே 1,000 ரூபாய்தான். பஸ்ஸுக்கும் புத்தகத்துக்கும் வர வேண்டிய பணம் வட்டிக்கே சரியாகிவிடும்.

இன்னொன்றும் நடக்கிறது. படிப்பை முதலீடு என்று பார்க்க ஆரம்பித்தால், "கட்டிக்கொடுத்துப் போற புள்ளைக்கு எதுக்கு இவ்வளவு? போட்ட காசு நமக்கா திரும்பும்?" என்ற பேச்சும் கூடவே வருகிறது. பையனுக்கு இன்ஜினியரிங், பெண்ணுக்கு ஒரு வருட கோர்ஸ் என்று வீட்டிலேயே பாகம் பிரிந்துவிடுகிறது. குழுக் கூட்டங்களில் இந்தப் பேச்சை நாங்கள் நிறைய கேட்கிறோம்.

ஏஜெண்டு சொல்வதும் சட்டம் தருவதும்

"கவுன்சிலிங் எல்லாம் எதுக்கு அலையறீங்க, நேரா சீட் வாங்கித் தரேன்" என்று தெருவுக்கு வரும் ஏஜெண்டுகளிடம் ரொம்ப ஜாக்கிரதை. அவர் வாங்கித் தருவது நிர்வாக ஒதுக்கீட்டு இடம். அதில் சேர்ந்தால் கீழே சொல்லும் முதல் மூன்று உரிமைகளும் கைவிட்டுப் போகும்:

1. முதல் பட்டதாரி சலுகை (2010 முதல்): குடும்பத்தில் யாரும் பட்டம் படிக்காதிருந்தால், கவுன்சிலிங் மூலம் தொழிற்கல்வியில் சேரும் பிள்ளைக்குப் பயிற்சிக் கட்டணச் சலுகை உண்டு. தாசில்தார் அலுவலகச் சான்றிதழ் வேண்டும்.

2. அரசுப் பள்ளி மாணவருக்கு 7.5 சதவீத ஒதுக்கீடு: மருத்துவத்தில் 2020 முதல், பொறியியல் போன்ற படிப்புகளில் 2021 முதல். இந்த இடம் கிடைத்தால் கட்டணத்தை அரசே கட்டுகிறது.

3. ஆதிதிராவிடர், பழங்குடியினர் கல்வி உதவித்தொகை: பெற்றோர் வருமானம் ஆண்டுக்கு 2.5 லட்சத்துக்குள் இருக்க வேண்டும்.

4. கல்விக் கடன்: 4 லட்சம் வரை சொத்து அடமானம் கேட்கக் கூடாது. பெற்றோர் கையெழுத்து போதும். குடும்ப வருமானம் 4.5 லட்சத்துக்குள் இருந்து, தர அங்கீகாரம் உள்ள கல்லூரியில் தொழிற்கல்வி படித்தால், படிக்கும் காலத்துக்கும் அடுத்த ஒரு வருடத்துக்கும் வட்டியை மத்திய அரசு ஏற்கிறது. கடன் வாங்கும் நாளிலேயே வருமானச் சான்றிதழ் கொடுத்து இதைக் கேட்க வேண்டும்.

இன்னொன்று. கல்லூரி மாறினாலும் ஒரிஜினல் சான்றிதழ்களைப் பிடித்து வைக்கக் கூடாது என்று யு.ஜி.சி. 2018-ல் அறிவித்திருக்கிறது.

எல்லாவற்றுக்கும் முன், நம் வியாசர்பாடியிலேயே டாக்டர் அம்பேத்கர் அரசு கலைக் கல்லூரி இருக்கிறது. பிராட்வேயில் பெண்களுக்கென்று பாரதி மகளிர் அரசுக் கல்லூரி இருக்கிறது. அரசு கலைக் கல்லூரிகளில் பயிற்சிக் கட்டணமே கிடையாது. "கவர்மெண்ட் காலேஜ்தானே" என்று ஒதுக்குவதும் சந்தை நமக்குச் சொல்லிக் கொடுத்த பழக்கம்தான். விலை அதிகமென்றால் தரம் அதிகமென்று புடவைக் கடையில்கூட நாம் நம்புவதில்லையே!

மாற்ற முடியுமா?

முடியும். தென் அமெரிக்காவில் சிலி நாட்டில் 1981 முதல் உயர்கல்வி சந்தைக்குத் திறந்துவிடப்பட்டது. குடும்பங்கள் கடனில் மூழ்கின. 2011-ல் மாணவர்கள் தெருவுக்கு வந்தார்கள். 2016 முதல் ஏழைக் குடும்பத்துப் பிள்ளைகளுக்கு அங்கே கட்டணம் இல்லை. இங்கிலாந்தில் அதற்கு நேர்மாறு. 1998 வரை அந்நாட்டு மாணவருக்குக் கட்டணமே இல்லை. அந்த ஆண்டு 1,000 பவுண்டு என்று ஆரம்பித்தது, 2012-ல் 9,000 பவுண்டு வரை போனது. கேட்டால் குறையும், கேட்காவிட்டால் ஏறும். மேலே சொன்ன சலுகைகளும் கல்வி உரிமை என்று இங்கே பலர் விடாமல் கேட்டதால் வந்தவைதான்.

அடுத்த கூட்டத்தில் செய்ய வேண்டியது

படிப்புக்கு உள்கடன் கேட்டு மனு வந்தால் ஊக்குநரும் பிரதிநிதியும் இந்தக் கேள்விகளைக் கேட்கட்டும். அரசுக் கல்லூரிக்கு விண்ணப்பித்தாயிற்றா? கவுன்சிலிங்கில் பதிவு செய்தாயிற்றா? சாதி, வருமான, முதல் பட்டதாரிச் சான்றிதழ்கள் கையில் இருக்கிறதா? கேட்கும் கட்டணம் நிர்ணயக் குழு சொன்ன தொகைதானா? கட்டிய ஒவ்வொரு ரூபாய்க்கும் ரசீது உண்டா? பையனுக்குக் கேட்கும் அதே தொகையைப் பெண்ணுக்கும் கேட்பார்களா?

பதில்களைத் தீர்மான நோட்டில் எழுதுங்கள். ரசீது தராமல் பணம் கேட்ட விவரம் இருந்தால் கூட்டமைப்புக் கூட்டத்துக்குக் கொண்டு வாருங்கள். தனியாக ஒரு அம்மா கேட்டால் "வேணும்னா சேருங்க" என்பார்கள். பத்துக் குழு சேர்ந்து எழுத்தில் கேட்டால் பதில் சொல்லித்தான் ஆக வேண்டும்.

உள்கடன் கொடுக்க வேண்டாம் என்று நாங்கள் சொல்லவில்லை. அரசு தர வேண்டியதைக் கேட்டு வாங்கிய பிறகு, மிச்சத்துக்கு மட்டும் நம் சேமிப்பைத் தொடுவோம்.