உங்க ஃபேண்டஸி உலகத்துல இன்னிக்கு என்ன தேதி?

ஃபேண்டஸி நாவலோ கேமோ எழுதிட்டு இருக்கிறவங்க நம்ம காலேஜ்ல கொஞ்சம் பேர் இருக்கீங்க. மேப் வரைஞ்சிருப்பீங்க, ராஜ வம்சத்துக்குப் பேர் வெச்சிருப்பீங்க. உங்க ஹீரோ "மூணு மாசத்துல திரும்பி வர்றேன்"னு சொல்றான். அந்த ஊர்ல மாசத்துக்கு எத்தனை நாள்? "30"னு சட்டுனு சொல்லிட்டு நகர்ந்துடாதீங்க. நல்ல கதை அங்கதான் ஒளிஞ்சிருக்கு.

முதல்ல கணக்கு

நாள்காட்டி செய்றவங்க எல்லாருக்கும் ஒரே தலைவலிதான். பருவங்கள் ஒரு சுற்று வர சுமார் 365.2422 நாள் ஆகும். ஒரு அமாவாசையிலிருந்து அடுத்த அமாவாசைக்கு சராசரியா 29.53 நாள். ஒண்ணை ஒண்ணால வகுத்தா மீதி வரும். 12 நிலா மாசம் சேர்த்தா 354 நாள்தான், 11 நாள் இடிக்குது. ஆக, எதையாவது விட்டுக்கொடுத்தே ஆகணும். இஸ்லாமிய நாள்காட்டி நிலாவைப் பிடிச்சுக்கிட்டு பருவத்தை விட்டுடுச்சு. அதனாலதான் ரம்ஜான் சுமார் 33 வருஷத்துல எல்லாப் பருவத்தையும் சுத்தி வருது. ஆங்கில நாள்காட்டி பருவத்தைப் பிடிச்சுக்கிட்டு நிலாவை விட்டுடுச்சு. உங்க மக்கள் எதை விடுவாங்க? கடலோடிகளா இருந்தா நிலாவை விட மாட்டாங்க. விவசாயிகளா இருந்தா பருவத்தை விட மாட்டாங்க.

டோல்கீன் தன் ஹாபிட்களுக்கு அழகான ஒரு வழி வெச்சார். 12 மாசமும் 30 நாள். மிச்சம் 5 நாளை எந்த மாசத்துலயும் சேர்க்காம பண்டிகை நாளா விட்டுட்டார். அதுல ஒரு நாளுக்குக் கிழமையே கிடையாது. மிச்சம் 364, அதாவது சரியா 52 வாரம். அதனால ஒவ்வொரு தேதியும் எல்லா வருஷமும் அதே கிழமையில வரும். சாப்பாடும் ஓய்வும் பிடிச்ச ஹாபிட்களுக்கு இது கச்சிதமாப் பொருந்துது.

நம்ம மாசம் ஏன் சமமா இல்ல?

இப்போ வீட்டு காலண்டரை எடுங்க. ஆனி சில வருஷம் 32 நாள், மார்கழி 29 நாள். இந்த நீளத்தை யாரும் உட்கார்ந்து முடிவு பண்ணல. சூரியன் ஒரு ராசியை விட்டு அடுத்த ராசிக்குப் போற நேரம்தான் மாசப் பிறப்பு. அது சூரிய அஸ்தமனத்துக்கு முன்னாடி நடந்தா அன்னிக்கே 1-ஆம் தேதி, அப்புறம் நடந்தா மறுநாள். ஜனவரி தொடக்கத்துல பூமி சூரியனுக்குக் கிட்டத்துல வேகமா ஓடுது, மார்கழி சுருங்குது. ஜூலை தொடக்கத்துல தூரத்துல மெதுவா நகருது, ஆனி நீளுது. கெப்ளரோட ரெண்டாம் விதி நம்ம சமையலறைச் சுவத்துல தொங்குதுன்னு வெச்சுக்கோங்க. இந்த முறைக்கு லீப் இயர் விதியே தேவையில்ல, தானாவே நாள் கூடிக்கும்.

ஆனா இதுல ஒரு பக் இருக்கு. ராசியை வெச்சுக் கணக்குப் போடுறதால, நம்ம வருஷம் பருவ வருஷத்தைவிட 20 நிமிஷத்துக்கும் மேல நீளம். சுமார் 1700 வருஷத்துக்கு முன்னாடி தை மாசப் பிறப்பும், சூரியன் நிஜமா வடக்கே திரும்புற நாளும் ஒண்ணா இருந்துச்சு. இப்போ சூரியன் டிசம்பர் 21, 22 வாக்குல திரும்பிடுது, பொங்கல் ஜனவரி நடுவுல வருது. இப்படியே போனா இன்னும் 2000 வருஷத்துல ஆடி மாசம் கிட்டத்தட்ட ஒரு மாசம் தள்ளிப் போயிடும். "ஆடிப் பட்டம் தேடி விதை"ன்னு தாத்தா சொன்னதை அப்படியே நம்பி விதைக்கிறவன் கதி என்ன? உங்க கதைக்கு இதைவிட நல்ல முடிச்சு வேணுமா? சாஸ்திரம் ஒரு நாள் சொல்லுது, மழை வேற நாள் வருது.

வருஷத்துக்கு நம்பர் எப்படி?

பிரபவ, விபவன்னு போற 60 வருஷச் சுழற்சி, கோடிங் தெரிஞ்சவங்களுக்கு மாடுலோ 60. 1987-ல வந்த பிரபவ மறுபடி 2047-லதான். ஓலையில வெறும் "பிரபவ"ன்னு இருந்தா எந்தப் பிரபவ?

எங்க மாவட்டத்து உத்திரமேரூர் கல்வெட்டு இன்னொரு வழி காட்டுது. குடவோலை முறையைச் சொல்ற அந்தக் கல்வெட்டுகள் முதலாம் பராந்தகனோட 12, 14-ஆவது ஆட்சி ஆண்டைச் சேர்ந்தவை, அதாவது 919, 921. ராஜா மாறினா கவுன்டர் மறுபடி ஒண்ணு. 1012-ல ராஜராஜன் இருக்கும்போதே ராஜேந்திரனுக்கு இளவரசுப் பட்டம் கட்டினாங்க. அப்போ ரெண்டு கவுன்டர் ஒரே நேரத்துல ஓடுச்சு. ஒரு பத்திரத்துல எந்த ராஜாவோட ஆண்டைப் போடுறீங்கங்கிறதே நீங்க யார் பக்கம்னு காட்டிடும்.

அதே கல்வெட்டுல வாரிய உறுப்பினருக்குப் பதவிக்காலம் 360 நாள். நாளை எண்ணி முடிச்சதும் இறங்கிடணும். நாள்காட்டி அங்க அதிகாரத்துக்குப் போட்ட கடிவாளம்.

ஒரு ஊருக்கு ஒரு நாள்காட்டி போதாது

எங்க ஊர் திருப்புட்குழி, காஞ்சிபுரத்துக்கு மேற்கே இருக்கு. புள்ளுன்னா பறவை. ஜடாயுவுக்கு ராமர் ஈமக்கடன் செஞ்ச இடம்னு தலபுராணம் சொல்லுது. இந்த மாதிரி ஊர்ல ஒரே வீட்டுல திவசத்துக்குத் திதி பார்ப்பாங்க, அது நிலாக் கணக்கு. பிறந்தநாளுக்கு நட்சத்திரம், 27 நட்சத்திரச் சுற்று. விதைக்கத் தமிழ் மாசம். சம்பளத்துக்கும் செமஸ்டர் ஃபீஸுக்கும் ஆங்கிலத் தேதி. நாலும் ஒண்ணோட ஒண்ணு மோதாம ஓடுது. உங்க உலகத்துலயும் பூசாரிக்கு ஒண்ணு, வியாபாரிக்கு ஒண்ணு, வரி வசூலிக்கிறவனுக்கு ஒண்ணு இருக்கட்டும்.

இதெல்லாம் பழைய கதைன்னு நினைக்காதீங்க. 2008-ல தமிழக அரசு தை 1 தான் தமிழ்ப் புத்தாண்டுன்னு சட்டம் போட்டுச்சு. 2011-ல ஆட்சி மாறினதும் அது ரத்தாகி சித்திரை 1 திரும்ப வந்துச்சு. சூரியன் அதே பாதையிலதான் போச்சு. வருஷம் எங்க தொடங்கணும்னு சொல்ற உரிமை யாருக்குங்கிறதுலதான் சண்டை.

அதனால எக்செல் ஷீட்டைத் திறக்கிறதுக்கு முன்னாடி ஒரு பேப்பர்ல மூணு கேள்விக்குப் பதில் எழுதுங்க. உங்க ஊர்ல தேதி தப்பானா யாரோட பயிர் காயும்? யாரோட பதவி போகும்? அந்தத் தேதியை அறிவிக்கிற ஆள் யார்? பதில் கிடைச்சா மாசத்துக்கு எத்தனை நாள்னு அதுவே சொல்லிடும்.