ஏழு ஆட்டங்கள் எதற்கு? கூடைப்பந்து பிளே-ஆஃப் சொல்லித்தரும் கணக்கு

"இன்னொரு மேட்ச் இருந்திருந்தா ஜெயிச்சிருப்போம் சார்!" நாக் அவுட் போட்டியில் தோற்றுத் திரும்பும் மாணவர்கள் வழக்கமாகச் சொல்வது இது. ஆறுதலுக்காகச் சொல்கிறார்களா, அல்லது இதில் உண்மை இருக்கிறதா? கணித ஆசிரியராகிய எனக்கு இந்தக் கேள்வியை விளக்கக் கைகொடுத்தது, அமெரிக்காவின் தொழில்முறைக் கூடைப்பந்துப் போட்டியான என்பிஏ. அதன் பிளே-ஆஃப் சுற்று எப்படி அமைக்கப்பட்டிருக்கிறது என்று பார்த்தால், எண்கணிதம் முதல் நிகழ்தகவு வரை வகுப்பறைக்குத் தேவையான பலவும் அதில் கிடைக்கின்றன.

முப்பதில் பதினாறு

என்பிஏவில் 30 அணிகள். கிழக்கு, மேற்கு என இரு பிரிவுகள். பிரிவுக்கு 15 அணிகள். அக்டோபரில் தொடங்கி ஏப்ரல் நடுப்பகுதி வரை ஒவ்வோர் அணியும் 82 லீக் ஆட்டங்கள் ஆடுகிறது. அதன் முடிவில் ஒவ்வொரு பிரிவிலும் முதல் ஆறு இடங்களைப் பிடிக்கும் அணிகள் நேரடியாக பிளே-ஆஃபுக்குச் செல்கின்றன. மீதமுள்ள இரண்டு இடங்களுக்கு 7 முதல் 10 வரையிலான நான்கு அணிகள் மோதுகின்றன. இதற்கு 'பிளே-இன்' என்று பெயர். இன்றைய வடிவில் இது 2021 முதல் நடக்கிறது.

பிளே-இன் முறையை நாம் கவனித்துப் பார்க்க வேண்டும். 7ஆம் இட அணியும் 8ஆம் இட அணியும் மோதும். வென்ற அணிக்கு 7ஆம் இடம் உறுதி. 9ஆம் இட அணியும் 10ஆம் இட அணியும் மோதும். அதில் தோற்ற அணி வெளியேறும். பிறகு, முதல் ஆட்டத்தில் தோற்ற அணியும் இரண்டாவது ஆட்டத்தில் வென்ற அணியும் கடைசி இடத்துக்காக மோதும். அதாவது, லீக்கில் மேலே இருந்த இரு அணிகளுக்கு ஒரு தோல்வியைத் தாங்கும் வாய்ப்பு உண்டு. கீழே இருந்தவர்களுக்கு அது இல்லை. ஐபிஎல் பார்க்கும் மாணவர்களுக்கு இது உடனே புரியும். அங்கே குவாலிஃபயர், எலிமினேட்டர் என்று நடப்பதும் இதே தத்துவம்தான்.

இந்த இரண்டாவது வாய்ப்பு எவ்வளவு தூரம் கொண்டு செல்லும் என்பதற்கு 2023ஆம் ஆண்டின் மயாமி ஹீட் அணி உதாரணம். லீக்கில் 44 வெற்றி, 38 தோல்வி. பிளே-இன் முதல் ஆட்டத்தில் அட்லாண்டாவிடம் தோற்றது. அடுத்த ஆட்டத்தில் சிகாகோவை வென்று எட்டாவது அணியாக உள்ளே வந்தது. பிறகு முதலிடத்தில் இருந்த மில்வாக்கியையும், நியூயார்க், பாஸ்டன் அணிகளையும் தோற்கடித்து இறுதிப் போட்டி வரை சென்றது. அங்கே டென்வர் அணி அதை வென்று தன் முதல் கோப்பையைப் பெற்றது.

கூட்டினால் ஒன்பது

பிளே-ஆஃப் முதல் சுற்றில் ஒவ்வொரு பிரிவிலும் 1–8, 2–7, 3–6, 4–5 என அணிகள் மோதுகின்றன. எந்த இணையைக் கூட்டினாலும் ஒன்பது வரும். தொடக்கப்பள்ளி மாணவர்களிடம் இந்தப் பட்டியலைப் பாதி நிரப்பிக் கொடுத்தால் மீதியை அவர்களே நிரப்பிவிடுவார்கள். 1–8இல் வெல்பவர் 4–5இல் வெல்பவரைச் சந்திப்பார். 2–7இல் வெல்பவர் 3–6இல் வெல்பவரைச் சந்திப்பார். முதல் இரண்டு இடங்களில் உள்ள அணிகள் பிரிவின் இறுதிச் சுற்றுக்கு முன் மோதிக்கொள்ளாது. நன்றாக ஆடி முன்னிலை பெற்றதற்கான பரிசு இது.

பதினாறு அணிகளில் ஒன்று மட்டுமே மிஞ்ச வேண்டும் என்றால் 15 அணிகள் வெளியேற வேண்டும். ஒரு தொடருக்கு ஓர் அணி வெளியேறுகிறது. எனவே 15 தொடர்கள். ஒவ்வொரு தொடரும் குறைந்தது 4, அதிகபட்சம் 7 ஆட்டங்கள். ஆகவே மொத்தம் 60 முதல் 105 ஆட்டங்கள் வரை நடக்கலாம். கோப்பையை வெல்ல 16 வெற்றிகள் தேவை.

ஒன்றா, மூன்றா, ஏழா?

இனி மாணவர்களின் கேள்விக்கு வருவோம். ஓர் அணி எதிரணியைவிடச் சற்றே சிறந்தது என்று கொள்வோம். ஒவ்வோர் ஆட்டத்திலும் அது வெல்லும் நிகழ்தகவு 0.6, ஓர் ஆட்டத்தின் முடிவு மற்றதைப் பாதிக்காது. ஒரே ஆட்டம் என்றால் பத்துக்கு நான்கு முறை சிறந்த அணியே தோற்று வெளியேறும்.

மூன்று ஆட்டத் தொடரில் அது இரண்டை வெல்ல வேண்டும். வழிகள் மூன்று: வெற்றி–வெற்றி (0.36), வெற்றி–தோல்வி–வெற்றி (0.144), தோல்வி–வெற்றி–வெற்றி (0.144). கூட்டினால் 0.648. பத்தாம் வகுப்பில் நாம் கற்பிக்கும் மர வரைபடமே இதற்குப் போதும். இதே முறையில் ஐந்து ஆட்டத் தொடருக்கு சுமார் 0.683, ஏழு ஆட்டத் தொடருக்கு சுமார் 0.710 கிடைக்கும்.

ஆக, மாணவர்கள் சொன்னதில் உண்மை இருக்கிறது. ஆட்டங்கள் கூடக்கூட, தற்செயலின் பங்கு குறைகிறது. ஆனால் அது முற்றிலும் நீங்குவதில்லை. மற்றொன்றையும் கவனியுங்கள்: ஒன்றிலிருந்து மூன்றுக்குப் போகும்போதுதான் பலன் அதிகம். அதன் பிறகு கூடுதல் ஆட்டங்கள் தரும் பலன் குறைந்துகொண்டே போகிறது.

என்பிஏ முதல் சுற்று முன்பு ஐந்து ஆட்டத் தொடராக இருந்தது. 2003 முதல் எல்லாச் சுற்றுகளும் ஏழு ஆட்டத் தொடர்கள். அன்று முதல் 2023 வரை முதலிட அணியும் எட்டாமிட அணியும் மோதிய 42 தொடர்களில், நான்கில் மட்டுமே எட்டாமிட அணி வென்றது.

மேல்வகுப்பு மாணவர்களுக்கு இன்னொரு கணக்கு. 3–0 எனப் பின்தங்கிய அணி தொடர்ந்து நான்கு ஆட்டங்களை வெல்ல வேண்டும். இரு அணிகளும் சமபலம் என்றால் வாய்ப்பு 1/16. 2024 வரை 150க்கும் மேற்பட்ட தொடர்களில் அணிகள் இப்படிப் பின்தங்கியிருக்கின்றன. கணக்குப்படி ஒன்பது அணிகளாவது மீண்டிருக்க வேண்டும். ஆனால் ஒன்றுகூட மீளவில்லை. ஏன்? முதல் மூன்றையும் தோற்ற அணி பெரும்பாலும் சமபல அணியாக இருப்பதில்லை. நாம் எடுத்துக்கொண்ட அனுமானத்தைச் சோதித்துப் பார்க்க வேண்டும் என்பதை மாணவர்களுக்கு உணர்த்த இதைவிட நல்ல எடுத்துக்காட்டு எனக்குக் கிடைக்கவில்லை. 3–1 எனப் பின்தங்கியவர்கள் மீண்டதுண்டு. 2016 இறுதிப் போட்டியில், லீக்கில் 73 ஆட்டங்களை வென்றிருந்த கோல்டன் ஸ்டேட் அணியை கிளீவ்லேண்ட் அணி அப்படித்தான் வென்றது.

யாருடைய ஊரில்?

சொந்த அரங்கில் ஆடுவது ஒரு பலம். அதனால் லீக்கில் மேலே இருந்த அணிக்கு 1, 2, 5, 7ஆம் ஆட்டங்களும், மற்ற அணிக்கு 3, 4, 6ஆம் ஆட்டங்களும் சொந்த ஊரில் நடக்கும். 1985 முதல் 2013 வரை இறுதிப் போட்டியில் மட்டும் வேறு முறை இருந்தது: முதல் இரண்டு ஓர் ஊரில், அடுத்த மூன்று மற்ற ஊரில், கடைசி இரண்டு மீண்டும் முதல் ஊரில். நாட்டின் இரு கரைகளுக்கும் இடையே அடிக்கடி பறப்பதை இது குறைத்தது. ஆனால் ஐந்து ஆட்டங்கள் முடிந்த நிலையில், லீக்கில் கீழே இருந்த அணியே சொந்த ஊரில் மூன்று ஆட்டங்கள் ஆடியிருக்கும். 2014இல் பழைய முறைக்கே திரும்பினார்கள்.

அட்டவணை தயாரிப்பதும் எளிதல்ல. ஒரு தொடர் நான்கில் முடியுமா, ஏழு வரை நீளுமா என்பது யாருக்கும் தெரியாது. எனவே 5, 6, 7ஆம் ஆட்டங்களுக்கு 'தேவைப்பட்டால்' என்ற குறிப்புடன் தேதி ஒதுக்கி, அரங்கையும் காலியாக வைத்திருக்கிறார்கள். ஆட்டங்களுக்கு இடையே பெரும்பாலும் ஒரு நாளாவது ஓய்வு உண்டு. இப்படியே ஏப்ரல் நடுவில் தொடங்கும் பிளே-ஆஃப் முடிய ஜூன் ஆகிவிடும்.

நம் மைதானத்தில்

நமக்கு இரண்டு மாதம் கிடையாது. ஒரு நாள் கிடைத்தாலே பெரிது. ஆனாலும் வகுப்புகளுக்கு இடையிலான போட்டியை வேறு விதமாக அமைக்க முடியும். எட்டு அணிகளுக்கு நாக் அவுட் வைத்தால் ஏழு ஆட்டங்கள். நான்கு அணிகள் ஒரே ஆட்டத்தோடு வெளியேறும். அதற்குப் பதில் நான்கு அணிகள் கொண்ட இரு குழுக்களாகப் பிரித்தால் 12 லீக் ஆட்டங்கள். குழுவுக்கு முதல் இரண்டு அணிகளை எடுத்து ஐபிஎல் முறையில் நான்கு ஆட்டங்கள். மொத்தம் 16. எந்த அணியும் மூன்று ஆட்டங்கள் ஆடாமல் வெளியேறாது.

நேரத்துக்கும் வழி உண்டு. அணிக்கு மூவர் ஆடும் 3×3 கூடைப்பந்துக்கு அரை ஆடுகளம் போதும்; ஆட்ட நேரம் பத்து நிமிடம். ஒரு முழு ஆடுகளத்தில் இரண்டு ஆட்டங்களை ஒரே நேரத்தில் நடத்தலாம். உடற்கல்வி ஆசிரியரும் கணித ஆசிரியரும் சேர்ந்து உட்கார்ந்தால் ஒரு பிற்பகலுக்குள் லீக் ஆட்டங்களை முடித்துவிடலாம்.

அட்டவணை போடும் பொறுப்பை மாணவர்களிடமே கொடுங்கள். எத்தனை ஆட்டங்கள், யாருக்கு எவ்வளவு ஓய்வு, வெற்றிகள் சமமானால் யார் முன்னால் என்ற விதிகளை அவர்களே எழுதட்டும். போட்டி தொடங்கும் முன்பே அவற்றை அறிவிப்புப் பலகையில் ஒட்டச் சொல்லுங்கள். எல்லோரும் சேர்ந்து எழுதிய விதி என்றால், தோற்ற அணியும் முடிவை ஏற்றுக்கொள்ளும்.