கையெழுத்து பொருந்தவில்லை என்றால் நிறுத்துங்கள்

2015 செப்டம்பரில் ஆப்பிள் நிறுவனம் தன் ஆப் ஸ்டோரிலிருந்து செயலிகளை அவசர அவசரமாக நீக்கியது. ஐபோன் செயலிகளை உருவாக்கப் பயன்படும் எக்ஸ்கோடு மென்பொருளையே யாரோ திருத்தி, சீனாவில் பைடு நிறுவனத்தின் கோப்புச் சேமிப்புத் தளத்தில் ஏற்றியிருந்தார்கள். பல ஜிபி அளவுள்ள அசலை ஆப்பிளின் சர்வரிலிருந்து இறக்க அங்கே நெடுநேரம் பிடிக்கும். அதனால் நிரலாளர்கள் பலர் அருகில் வேகமாகக் கிடைத்ததை எடுத்துக்கொண்டார்கள்.

அந்தப் போலியில் உருவான செயலிகளுக்குள், உருவாக்கியவருக்கே தெரியாமல் அந்நிய நிரல் புகுந்தது. வீசாட் அரட்டைச் செயலியின் 6.2.5 பதிப்பும் தப்பவில்லை. ‘எக்ஸ்கோடு கோஸ்ட்’ என்று பெயர் பெற்ற இந்த விவகாரத்தில் சிக்கிய செயலிகள் 2,500-க்கும் மேல். அவற்றை இறக்கியவர்கள் 12.8 கோடிப் பேர். இந்தக் கணக்கு, எபிக் நிறுவனம் தொடுத்த வழக்கில் 2021-இல் ஆப்பிளின் உள் மின்னஞ்சல்கள் வெளிவந்தபோதுதான் வெளியுலகுக்குத் தெரிந்தது.

தடுக்க வழி இருந்தது. மென்பொருளை வெளியிடுபவர், கோப்பு முழுவதையும் கணக்கிட்டு ஒரு சுருக்கக் குறியீட்டை எடுத்து, அதன்மேல் தன் ரகசியச் சாவியால் டிஜிட்டல் கையெழுத்து இடுகிறார். கோப்பில் ஒரே ஒரு பிட் மாறினாலும் குறியீடு அடியோடு மாறிவிடும், கையெழுத்து பொருந்தாது. மேக் கணினியின் கேட்கீப்பர் இதைத்தான் சோதிக்கிறது. அதை அணைத்துவைத்த கணினிகளில்தான் போலி எக்ஸ்கோடு தடையின்றி ஓடியது. அங்கே உருவான செயலிகளோ முறையான கையெழுத்துடனேயே வெளிவந்தன. பயனரின் போன் அவற்றைச் சந்தேகிக்க வழியே இல்லை. இந்தச் சம்பவத்தில் என்னை மிகவும் உறுத்துவது இதுதான்.

நம் போன்களிலும் இதே சோதனை நடக்கிறது. ஒரே சாவியால் கையெழுத்திட்ட புதுப்பதிப்பை மட்டுமே ஆண்ட்ராய்டு பழையதன் மேல் ஏற்ற விடும். அசலின் பெயரிலேயே வரும் ‘மாட்’ (திருத்தப்பட்ட) ஏபிகே கோப்புகளோடு “முதலில் அசலை நீக்குங்கள்” என்று சொல்லிக்கொடுப்பது இதனால்தான். 2021 ஆகஸ்ட்டில், திருத்தப்பட்ட எஃப்எம் வாட்ஸ்அப்பின் ஒரு பதிப்பில் ட்ரையாடா என்ற தீநிரலைக் காஸ்பர்ஸ்கை நிறுவனம் கண்டுபிடித்தது. குறுஞ்செய்திகளைப் படிக்க அந்தச் செயலிக்குப் பயனர் தந்த அனுமதி, உள்ளே ஒளிந்திருந்த தீநிரலுக்கும் சேர்ந்தே கிடைத்தது. ஓடிபி வருவதும் குறுஞ்செய்தியில்தானே!

கையெழுத்து பொருந்தாதபோது வரக்கூடிய ‘கோப்பு சேதமடைந்துள்ளது’ என்ற செய்தி, பாதியில் அறுந்த பதிவிறக்கத்தாலும் வரலாம். அப்போது அதிகாரபூர்வத் தளத்திலிருந்து மறுபடி இறக்குங்கள். அதன் பிறகும் பிழை வந்தால் இன்ஸ்டால் செய்யாதீர்கள். எச்சரிக்கையை அணைக்கச் சொல்லும் வீடியோ எதையும் நம்பாதீர்கள். உங்கள் வீட்டில் யார் போனிலாவது மாட் வாட்ஸ்அப் இருந்தால், இன்றே நீக்கிவிட்டு பிளே ஸ்டோரிலிருந்து அசலைப் போட்டுக்கொடுங்கள்.