பம்பாயைச் சென்னைக்குக் கொண்டுவந்த ஓவியர்

போடிநாயக்கனூரிலிருந்து போடிமெட்டுக்கு ஏறும் மலைப்பாதையில் 17 கொண்டை ஊசி வளைவுகள். மேலே போனால் ஏலத்தோட்டங்கள். மேகம் சாலையிலேயே தவழ்ந்து வரும். இப்படிப்பட்ட இடத்தில் படம் பிடிக்க வருகிறவர்களுக்கு மலையையும் மேகத்தையும் இயற்கையே கொடுத்துவிடுகிறது. ஆனால், கதைக்கு வேண்டிய தெருவும் வீடும் நினைத்தபடி கிடைக்காவிட்டால்?

அதைக் கட்டிக் கொடுப்பவர்தான் கலை டைரக்டர். மரச்சட்டம், ஒட்டுப்பலகை, துணி, வண்ணம் இவைதான் அவருடைய செங்கல், சுண்ணாம்பு. கதாநாயகன் ஏழையா, பணக்காரனா என்பதை, அவன் வாய் திறப்பதற்கு முன்பே வீட்டுச் சுவர் சொல்லிவிட வேண்டும்!

தந்தை வழியில்

இந்தத் தொழிலில் பெயர் பெற்றவர் தோட்டா தரணி. 1949-ல் மசூலிப்பட்டினத்தில் பிறந்தவர். தந்தை தோட்டா வெங்கடேஸ்வர ராவும் கலை டைரக்டரே. தரணி சென்னை ஓவியக் கல்லூரியில் படித்தார். பிறகு பிரெஞ்சு நாட்டின் உதவித்தொகை பெற்று, பாரிஸ் சென்று அச்சு ஓவியக் கலையைக் கற்றார்.

1987-ல் மணிரத்னத்தின் "நாயகன்" படம் வந்தது. கதை நடப்பது பம்பாய் தாராவியில். மூச்சு விட இடம் இல்லாத அந்தச் சந்துகளில் நாள் கணக்கில் படம் பிடிப்பது லேசான காரியமா? தரணி தாராவிக்குப் போனார். குடிசைகளையும் சந்துகளையும் போட்டோ எடுத்துக்கொண்டு திரும்பினார். சென்னை வீனஸ் ஸ்டூடியோவில் ஒரு தாராவி எழுந்தது! அதற்குத் தேசிய விருது கிடைத்தது. 1996-ல் வெளியான "இந்தியன்" படத்துக்காக மீண்டும் அதே விருது. 2001-ல் பத்மஸ்ரீ.

மறைந்திருந்து வரைந்தவர்

தரணி படிக்கப் போன பிரான்சிலும் இந்தக் கலையில் ஒரு மேதை இருந்தார். பெயர் அலெக்சாந்தர் திரவுனர். 1906-ல் ஹங்கேரியில் பிறந்து, பாரிசில் குடியேறியவர். இரண்டாம் உலகப் போரில் ஹிட்லரின் படைகள் பிரான்சைப் பிடித்தன. திரவுனர் யூதர். வெளியே தெரிந்தால் உயிருக்கே ஆபத்து. தெற்கே நீஸ் நகரத்தை அடுத்த மலைப்பகுதியில் மறைந்து வாழ்ந்தார். ஆனாலும் கை சும்மா இருக்கவில்லை. அவர் மறைவாக வரைந்து கொடுத்ததை வைத்து, மற்றவர்கள் பழைய பாரிஸ் வீதியையே கட்டினார்கள். அதுதான் 1945-ல் வெளியான "சொர்க்கத்தின் குழந்தைகள்" படம். "மறைவில் இருந்து ஒத்துழைத்தவர்" என்ற குறிப்புடன் அவர் பெயரும் படத்தில் இடம்பெற்றது.

பின்னர் அமெரிக்காவில் "தி அபார்ட்மெண்ட்" (1960) படத்துக்கு ஒரு பிரமாண்டமான ஆபீஸ் வேண்டியிருந்தது. திரவுனர் ஒரு யுக்தி செய்தார். முன்னால் பெரிய மேஜைகள். பின்னால் போகப் போகச் சிறிய மேஜைகள். கடைசியில் உயரம் குறைந்தவர்களை உட்கார வைத்தார். படத்தில் பார்த்தால் ஆபீஸ் முடிவே இல்லாமல் நீண்டது! ஆஸ்கார் பரிசு அவரைத் தேடி வந்தது. 1993-ல் காலமானார்.

கலைந்து போகும் உழைப்பு

கோயில் கட்டிய சிற்பியின் வேலை நூற்றாண்டுகள் நிற்கும். கலை டைரக்டர் கட்டியதோ, படப்பிடிப்பு முடிந்ததும் பிரிக்கப்பட்டுவிடும். மிஞ்சுவது படம் ஒன்றுதான்.

தோட்டா தரணிக்கு 2025-ல் பிரெஞ்சு அரசு செவாலியே விருது அளித்தது. மாணவராகப் போன நாடே மாலையிட்டது!

அடுத்த முறை படம் பார்க்கும்போது, நடிகர்களுக்குப் பின்னால் நிற்கும் சுவரையும் கொஞ்சம் பாருங்கள்.