கோச்சுக்கு மார்க் போடுவது எப்படி?

அமெரிக்காவின் மினசோட்டா மாநிலத்தில் செயின்ட் ஜான்ஸ் என்று ஒரு சின்னக் கல்லூரி. அங்கே ஜான் கலார்டி என்பவர் 1953 முதல் 2012 வரை, அறுபது சீசன், அமெரிக்கன் ஃபுட்பால் கோச்சாக இருந்தார். அதற்கு முன் மொன்டானாவில் கரோல் கல்லூரியில் நாலு சீசன். மொத்தக் கணக்கு: 489 வெற்றி, 138 தோல்வி, 11 டிரா. கல்லூரி ஃபுட்பாலில் இவ்வளவு ஜெயித்தவர் வேறு யாருமில்லை. ஆள் வேற மாதிரி. பயிற்சியில் விசில் ஊத மாட்டார், மோதிச் சாய்க்க விட மாட்டார். "கோச்"னு கூப்பிடக் கூடாது, ஜான்னாலே போதும்.

நம்ம பக்கத்து கோச் யாருக்காவது இப்படி ஒரு எண் உண்டா? நான் தேடிய வரை கண்ணில் படவில்லை. ஏன் என்று யோசித்ததுதான் இந்தக் குறிப்பு.

2021 ஜூலை 30, டோக்கியோ ஒலிம்பிக்ஸ், 4x400 கலப்புத் தொடர் ஓட்டம். இந்திய அணியில் ஓடிய நாலு பேரில் மூணு பேர் தமிழர்கள். நம்ம திருச்சியின் சுபா வெங்கடேசன், லால்குடிப் பக்கத்து ஆரோக்கிய ராஜீவ், மதுரை சக்கிமங்கலம் ரேவதி வீரமணி. நாலாவது ஆள் கேரளத்தின் முகமது அனஸ்.

ரேவதிக்குச் சின்ன வயசிலேயே அப்பா அம்மா இரண்டு பேரும் இல்லை. கூலி வேலை பார்த்து வளர்த்தது பாட்டி. பள்ளிப் போட்டியில் வெறுங்காலோடு ஓடிய பெண்ணைக் கவனித்தவர் கண்ணன், மாநில விளையாட்டு மேம்பாட்டு ஆணையத்தின் மதுரை கோச். மைதானத்துக்கு அனுப்பப் பாட்டிக்குத் தயக்கம். தினமும் பஸ் காசுக்கு எங்கே போவது? கண்ணன் பேசிச் சம்மதிக்க வைத்தார். லேடி டோக் கல்லூரியில் இடம், விடுதி, அப்புறம் ஷூ, சத்தான சாப்பாடு எல்லாம் கிடைக்க வழி செய்தார். 2016-இல் தேசிய ஜூனியர் போட்டியில் ஓடியபோதும் ரேவதி வெறுங்கால்தான்!

பிறகு பாட்டியாலா முகாம். அங்கே பயிற்சியாளர் கலினா புகாரினா, "400 மீட்டருக்கு மாறு" என்றார். கண்ணனும் சரி என்றார்.

என்னைப் பொறுத்தவரை முக்கியமான இடம் இதுதான். கலார்டியின் அணி ஒவ்வொரு சீசனும் அவர் பெயரில்தான் ஆடியது. ஜெயித்தாலும் தோற்றாலும் அவர் கணக்கு. நம்ம ஊர் ஓட்டக் கோச்சிடம் ஒரு பிள்ளை நன்றாக ஓட ஆரம்பித்தால், அடுத்து அது கிளம்பிவிடும். பதக்கம் முகாமின் கணக்கில், நேரம் வீரரின் கணக்கில். பாட்டியிடம் பேசியது எந்தக் கணக்கில்? அதற்கு ரிசல்ட் ஷீட்டில் கட்டமே இல்லையே.

சொல்லப்போனால் டோக்கியோவில் நம் அணி ஜெயிக்கவும் இல்லை. 3 நிமிடம் 19.93 விநாடி, ஹீட்டில் எட்டாவது, இறுதிச் சுற்று கிடையாது. வெற்றி-தோல்விக் கணக்குப்படி இது தோல்விதான். ஆனால் ஓட்டம் ரேவதிக்கு ஒரு பட்டப்படிப்பையும், தெற்கு ரயில்வேயில் டிக்கெட் பரிசோதகர் வேலையையும் கொடுத்தது. இதை எந்தப் பத்தியில் எழுதுவீர்கள்?

காலையில் ஸ்ரீரங்கத்திலிருந்து காவிரிப் பாலம் தாண்டி அண்ணா விளையாட்டரங்கம் பக்கம் போனால், கையில் ஸ்டாப்வாட்சோடு நிற்பவர்களைப் பார்க்கலாம். ஓடுகிற பிள்ளைகளைத்தான் நாம் பார்ப்போம். ஒரு நாள் வாட்ச் பிடித்திருப்பவரிடமும் பேசிப் பாருங்களேன்.