வேண்டாம் என்று சொல்லும் உரிமை

சமூக ஊடகங்கள் வருமுன் சாமானிய மனிதர் தம்மைத் தாமே படம்பிடித்து ஊருக்குக் காட்ட வழி இருந்ததா? இருந்தது. பிரிட்டனில் பிபிசி 1990களில் நடத்திய 'வீடியோ நேஷன்' அதற்கு நல்ல சான்று. நாடெங்கிலும் சுமார் 50 பேரைத் தேர்ந்தெடுத்து, ஹை-8 கேமராவும் பயிற்சியும் தந்தனர். ஓராண்டுக் காலம் அவரவர் தம் அன்றாட வாழ்க்கையைப் பதிவுசெய்து நாடாக்களை அனுப்பினர். 1994 முதல் அவை சிறுசிறு படங்களாகப் பிபிசி இரண்டாம் அலைவரிசையில் ஒளியேறின.

கேமராவைக் கையில் கொடுத்தது எனக்குப் பெரிதாகத் தெரியவில்லை. வெட்டித் தொகுத்தவர்கள் என்னவோ நிலையத்தார்தான். கத்தரிக்கோல் யாரிடமோ, கதையும் அவரிடமே. ஆனால், ஒரு விதி இருந்தது. தொகுத்த படத்தைப் பதிவுசெய்தவரிடம் முதலில் காட்ட வேண்டும். அவர் வேண்டாமென்றால் ஒளிபரப்பு இல்லை. அந்த விதி இல்லையென்றால் அது இன்னொரு தொலைக்காட்சி நிகழ்ச்சி, அவ்வளவே.

சென்ற தீபாவளிக்குப் பாட்டி முறுக்குப் பிழிவதைக் கைப்பேசியில் எடுத்தேன். அம்மாவை அவர் திட்டிய பகுதியை மட்டும் வெட்டியெடுத்து, பாட்டும் சேர்த்து வெளியிட்டேன். 800 பேருக்குப் பிடித்திருந்தது. பாட்டியிடம் இன்னும் காட்டவில்லை.